உலோகப்போலி: எந்தப் பெட்டியிலும் அடங்காத ஆறு தனிமங்கள்

பள்ளிக்கூட வேதியியல் புத்தகத்தில் தனிம வரிசை அட்டவணையைப் பார்த்தவர்களுக்கு அந்தப் படிக்கட்டு ஞாபகம் இருக்கும். வலது பக்கம், போரானில் ஆரம்பித்துப் படிப்படியாகக் கீழே இறங்கும் ஒரு தடித்த கோடு. கோட்டுக்கு இடது பக்கம் உலோகங்கள், வலது பக்கம் அலோகங்கள். கோட்டை ஒட்டி உட்கார்ந்திருப்பவை உலோகப்போலிகள்: போரான், சிலிக்கான், ஜெர்மானியம், ஆர்சனிக், ஆன்டிமனி, டெல்லூரியம்.

இவற்றில் பெரும்பாலானவை பார்க்க உலோகம் மாதிரியே பளபளக்கும். சுத்தியலால் ஒரு தட்டு தட்டினால் கண்ணாடி மாதிரி உடையும். மின்சாரத்தைக் கடத்தும், ஆனால் பெரும்பாலும் செம்பு, வெள்ளி அளவுக்கெல்லாம் இல்லை. ரசாயன நடத்தையில் பாதிக்கு மேல் அலோகம். பரீட்சைக்கு இது போதும்.

எனக்கு இதில் ஆர்வம் வந்த காரணம் ஒரு சின்ன முரண்பாடு. வீட்டில் இருந்த மூன்று புத்தகங்களில் ஒன்று உலோகப்போலிகள் ஆறு என்றது, இன்னொன்று ஏழு என்றது, மூன்றாவது எட்டு என்றது. ஒரு வகைப்பாட்டில் மொத்தம் எத்தனை உறுப்பினர்கள் என்பதிலேயே ஒற்றுமை இல்லை என்றால் என்ன அர்த்தம்? நான் சாஃப்ட்வேர்க்காரன். இஃப்-எல்ஸ் எழுதியே பிழைப்பு ஓடுகிறது. அதனால் முதலில் தோன்றிய கேள்வி: இந்தக் கோட்டுக்கான கண்டிஷன் என்ன, அதை எழுதியது யார்?

தேடிப் போனால் கிட்டத்தட்ட 300 வருடக் கதை. படித்து முடித்தபோது எனக்குப் புரிந்தது இதுதான்: ஒரு தனிமம் எந்தப் பக்கம் உட்கார்ந்தது என்பதை அந்தந்தக் காலத்தில் கையில் இருந்த சோதனையும், கையில் இருந்த மாதிரி எவ்வளவு சுத்தமாக இருந்தது என்பதும் சேர்ந்தே தீர்மானித்திருக்கின்றன. ஒரு தனிமத்தின் விஷயத்தில் இது ஐம்பது வருடத்தை விழுங்கியது. அதற்குக் கடைசியில் வருகிறேன்.

முதல் சோதனை சுத்தியல்

பழங்காலத்தவருக்குத் தெரிந்த உலோகங்கள் ஏழு: தங்கம், வெள்ளி, செம்பு, இரும்பு, ஈயம், வெள்ளீயம், பாதரசம். ஐரோப்பிய ரசவாதிகள் ஒவ்வொன்றுக்கும் ஒரு கிரகத்தை ஜோடி சேர்த்து வைத்திருந்தார்கள். உலோகம் என்றால் கனமாக இருக்கணும், பளபளக்கணும், அடித்தால் தகடாகணும். அவ்வளவுதான்.

இந்த ஏழுக்கு வெளியே சில பொருட்கள் கிடைத்துக்கொண்டே இருந்தன. ஆன்டிமனி, பிஸ்மத், துத்தநாகம், ஆர்சனிக். கனமும் பளபளப்பும் இருந்தன. சுத்தியல் பட்டால் நொறுங்கின, அல்லது சூடாக்கினால் ஆவியாகிப் போயின. இவற்றை "அரை உலோகங்கள்" என்று தனியாக ஒதுக்கினார்கள். ஸ்வீடனின் கேயார்க் பிராண்ட் 1735-இல் இவற்றைப் பற்றி ஓர் ஆய்வுரையே எழுதினார். கோபால்ட்டைக் கண்டுபிடித்தவர் இவர்தான். அவருடைய பட்டியலில் ஆறு அரை உலோகங்கள்: பாதரசம், பிஸ்மத், துத்தநாகம், ஆன்டிமனி, ஆர்சனிக், கோபால்ட்.

பாதரசம் அந்தப் பட்டியலில் இருப்பதைக் கவனியுங்கள். திரவத்தைச் சுத்தியலால் அடிக்க முடியாது, அதனால் அது அரை! இது 24 வருடம்தான் நிலைத்தது. 1759 டிசம்பரில் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் கடுங்குளிர். ஜோசப் ஆடம் பிரவுன் என்பவர் பனியையும் அமிலத்தையும் கலந்து குளிரை இன்னும் கூட்டி, பாதரசத்தை உறைய வைத்துவிட்டார். லோமனோசோவும் இந்தச் சோதனைகளில் கூட இருந்தார். உறைந்த பாதரசத்தைச் சுத்தியலால் தட்டிப் பார்த்தார்கள். அழகாகத் தட்டையானது. பாதரசம் முழு உலோகமாகப் பதவி உயர்வு பெற்றது.

துத்தநாகத்தின் கதை இதற்கு நேர் எதிர்த்திசை. சாதாரண வெப்பத்தில் அது நொறுங்கும். 1805 வாக்கில் இங்கிலாந்தின் ஷெஃபீல்டில், சுமார் 100 முதல் 150 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்கினால் அதே துத்தநாகம் தகடாக உருளும் என்று கண்டுகொண்டார்கள். ஒன்றைக் குளிர வைத்தார்கள், ஒன்றைச் சுட வைத்தார்கள், இரண்டும் உலோகமாயின. டெஸ்ட் என்விரான்மென்ட்டை மாற்றியதும் ரிசல்ட் மாறிப்போச்சு என்று எங்கள் ஊழியத்தில் சொல்வோமே, அதேதான்.

லவாய்சியே 1789-இல் தன் புகழ்பெற்ற தனிமப் பட்டியலை வெளியிட்டபோது அரை, முழு என்ற பேச்சையே எடுக்கவில்லை. 17 உலோகங்கள் என்று ஒரே வரிசையில் போட்டுவிட்டார். ஆர்சனிக்கும் ஆன்டிமனியும் தங்கத்தோடு சரிசமமாக அதில் உட்கார்ந்திருக்கின்றன.

தங்கச் சுரங்கத்தில் ஒரு பிரச்சினை

லவாய்சியேயின் பட்டியல் வருவதற்குச் சில வருடம் முன்பு, டிரான்சில்வேனியாவில் (இன்றைய ருமேனியா) ஒரு சுரங்க அதிகாரி மண்டையை உடைத்துக்கொண்டிருந்தார். பெயர் ஃபிரான்ஸ் ஜோசப் முல்லர். ஸ்லாட்னா ஊருக்குப் பக்கத்துத் தங்கச் சுரங்கத்தில் கிடைத்த ஒரு தாது வெள்ளி மாதிரி மின்னியது. சிலர் அதை ஆன்டிமனி என்றார்கள். 1782-இல் ஆராய ஆரம்பித்த முல்லர், முதலில் பிஸ்மத் சல்பைடு என்று நினைத்தார். பிறகு அதுவும் இல்லை என்று அவரே முடிவுக்கு வந்தார்.

மூன்று வருடம், ஐம்பதுக்கும் மேற்பட்ட சோதனைகள். சூடாக்கினால் முள்ளங்கி வாசனையோடு வெள்ளைப் புகை வந்தது. கந்தக அமிலத்தில் போட்டால் சிவப்பு நிறம் கொடுத்தது. தண்ணீர் ஊற்றி நீர்க்கச் செய்தால் கறுப்பாகப் படிந்தது. தெரிந்த எந்த உலோகமும் இப்படி நடந்துகொள்ளாது. கடைசியில் அவர் வைத்த பெயர்களே அவர் நிலைமையைச் சொல்லும்: "முரண்பாட்டுத் தங்கம்", "பிரச்சினைக்குரிய உலோகம்". ஸ்வீடனில் இருந்த பெரிய வேதியியலாளர் பெரிமனுக்கு மாதிரி அனுப்பினார். ஆன்டிமனி இல்லை என்பதை மட்டும் அவரால் உறுதி செய்ய முடிந்தது.

1798-இல்தான் பெர்லினில் கிளாப்ரோத் இது ஒரு புதுத் தனிமம் என்று அறிவித்து, பூமியைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து டெல்லூரியம் என்று பெயரிட்டார். பெருமையை முல்லருக்கே கொடுத்தார் என்பது குறிப்பிட வேண்டிய விஷயம். 1817-இல் இதேபோல நடந்துகொள்ளும் இன்னொரு தனிமம் கிடைத்தபோது, பெர்சீலியஸ் அதற்கு நிலாவின் பெயரை வைத்தார்: செலீனியம். பூமிக்குத் துணை நிலா. அவர் இரண்டையும் உலோகம் என்றே எடுத்துக்கொண்டார். இன்றைக்குப் பெரும்பாலான பட்டியல்களில் டெல்லூரியம் உலோகப்போலி, செலீனியம் அலோகம். அண்ணன் ஒரு பக்கம், தம்பி ஒரு பக்கம்.

ஒரு சொல், மூன்று அர்த்தம்

இப்போது "மெட்டலாய்டு" என்ற சொல்லுக்கு வருவோம். கிரேக்க மூலத்தில் இதன் பொருள் "உலோகம் போன்றது". இந்தச் சொல்லின் வாழ்க்கை ஒரு பழைய புரோகிராமில் மாட்டிக்கொண்ட வேரியபிள் மாதிரி. பெயர் மாறவே இல்லை, அதில் வைக்கிற சரக்கு மட்டும் ஆளுக்கு ஆள் மாறிக்கொண்டே இருந்தது.

1807-இல் லண்டனில் ஹம்ஃப்ரி டேவி மின்னாற்பகுப்பு மூலம் பொட்டாசியத்தையும் சோடியத்தையும் பிரித்தெடுத்தார். வெட்டினால் வெள்ளி மாதிரி மின்னுகிறது, ஆனால் தண்ணீரில் மிதக்கிறது. பொட்டாசியத்தின் அடர்த்தி 0.86. தங்கத்தின் அடர்த்தி 19.3. உலோகம் என்றால் கனம் என்று நம்பியிருந்தவர்களுக்கு இதை எப்படி உலோகத்தில் சேர்ப்பது? எர்மன், சைமன் என்ற இருவர் 1808-இல் ஒரு சமரசம் சொன்னார்கள்: இவற்றை மெட்டலாய்டு என்று கூப்பிடலாமே! டேவி ஒப்புக்கொள்ளவில்லை. மற்ற எல்லாக் குணமும் உலோகமாக இருக்கும்போது அடர்த்தி ஒன்றை வைத்து ஒதுக்கக் கூடாது என்பது அவர் கட்சி. அவர் கட்சிதான் ஜெயித்தது. ஆக, மெட்டலாய்டு என்ற பட்டத்தை முதலில் சுமந்தவை இன்று சந்தேகமே இல்லாத உலோகங்களான சோடியமும் பொட்டாசியமும்.

சும்மா கிடந்த சொல்லை 1811-இல் பெர்சீலியஸ் எடுத்து அலோகங்களுக்குக் கொடுத்துவிட்டார். கந்தகம், பாஸ்பரஸ், கரி எல்லாம் மெட்டலாய்டு! பெர்சீலியஸ் சொன்னால் ஐரோப்பாவே கேட்கும் காலம் அது. இந்த அர்த்தம் நூறு வருடத்துக்கும் மேல் ஓடியது. பிரெஞ்சுக்காரர்கள் 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரைகூட அலோகத்தை அப்படித்தான் அழைத்தார்கள். "இரண்டுக்கும் நடுவில்" என்ற மூன்றாவது அர்த்தம் நிலைபெற்றது அதற்குப் பிறகுதான்.

இந்தக் குழப்பம் தாங்காமல் ஐயூபேக் என்ற சர்வதேச வேதியியல் ஒன்றியம் 1959-இல் அலோகத்தை மெட்டலாய்டு என்று சொல்லாதீர்கள் என்று பரிந்துரைத்தது. 1970-இல் அந்தச் சொல்லே வேண்டாம், அரை உலோகம் என்ற சொல்லை வைத்துக்கொள்ளுங்கள் என்றது. யாரும் கேட்கவில்லை. போதாக்குறைக்கு, இயற்பியலில் அரை உலோகம் என்றால் வேறொரு அர்த்தம். அவர்கள் கணக்கில் ஆர்சனிக், ஆன்டிமனி, பிஸ்மத் அரை உலோகங்கள். சிலிக்கானும் ஜெர்மானியமும் குறைகடத்திகள்.

தமிழுக்கு வந்தபோது மூன்றாவது அர்த்தம் மட்டும் வந்தது, "உலோகப்போலி" ஆனது. போலி என்றதும் போலி மருந்து, போலிச் சான்றிதழ் என்று மனசு ஓடுகிறது. ஆனால் இலக்கண வகுப்பில் இன்னொரு போலி படித்தோம்: அகம் என்பதை அகன் என்று எழுதினாலும் பொருள் மாறாதது. நம் உலோகப்போலியில் நடப்பது அதற்கு நேர் தலைகீழ். தோற்றம் அதேதான், உள்ளே பொருள் வேறு.

சிலிக்கானின் பெயரும் இந்தச் சண்டையில் பிறந்ததுதான். அதைப் பிரித்தெடுக்கும் முன்பே 1808-இல் டேவி "சிலிசியம்" என்று பெயர் வைத்தார். சோடியம், பொட்டாசியம் மாதிரி "இயம்" என்று முடித்தால் உலோகம் என்று அர்த்தம். 1817-இல் ஸ்காட்லாந்தின் தாமஸ் தாம்சன், இது கார்பன், போரான் ஜாதி, உலோகமே இல்லை என்று சொல்லி வாலை வெட்டி "சிலிக்கான்" ஆக்கினார். 1824-இல் பெர்சீலியஸ் பிரித்தெடுத்தபோது கிடைத்தது பழுப்புத் தூள், பார்க்க அலோகம். 1854-இல் பிரான்சின் டெவில் படிகமாகவே தயாரித்தார், பார்க்க உலோகம். ஆங்கிலம் வழியாக வந்ததால் நாம் சிலிக்கான் என்கிறோம். ஜெர்மனியிலும் பிரான்சிலும் இன்றும் அது சிலிசியம்தான். ஒரே தனிமம், எந்த ஊரில் பேசுகிறோம் என்பதைப் பொறுத்துப் பெயரிலேயே கட்சி மாறுகிறது.

கணக்கில் வராத 7 சதவீதம்

1871-இல் மெண்டலீவ் தன் அட்டவணையில் சிலிக்கானுக்குக் கீழே ஒரு காலி இடம் விட்டு, அங்கே வரப்போவதற்கு ஜாதகமே எழுதி வைத்தார். பெயர் ஏகசிலிக்கான். சமஸ்கிருத "ஏக" தான்: சிலிக்கானுக்கு அடுத்த ஒன்று. அணு நிறை 72, அடர்த்தி 5.5, ஆக்சைடின் அடர்த்தி 4.7, குளோரைடு 100 டிகிரிக்குக் கீழே கொதிக்கும்.

1885-இல் ஜெர்மனியின் சாக்சனியில், ஃபிரைபர்க் பக்கம் ஒரு வெள்ளிச் சுரங்கத்தில் ஆர்ஜிரோடைட் என்ற புதுக் கனிமம் கிடைத்தது. ஃபிரைபர்க் சுரங்கக் கல்லூரியின் கிளமென்ஸ் விங்க்ளர் அதைப் பகுத்தார். கிட்டத்தட்ட நான்கில் மூன்று பங்கு வெள்ளி, சுமார் 17 சதவீதம் கந்தகம், கொஞ்சம் இரும்பு, துத்தநாகம், பாதரசம். எல்லாவற்றையும் கூட்டினால் 93 சதவீதம்தான் வந்தது. திரும்பச் செய்தார். திரும்பவும் 93. கணக்கில் ஏழு ரூபாய் குறைந்தால் பெரும்பாலானவர்கள் எங்கோ சிந்தியிருக்கும் என்று விட்டுவிடுவார்கள். விங்க்ளர் விடவில்லை. மாதக்கணக்கில் தேடி, 1886 பிப்ரவரியில் அந்த ஏழைப் பிடித்தார். தன் நாட்டின் பெயரையே வைத்தார்: ஜெர்மானியம்.

முதலில் அவர் இதை ஆன்டிமனிக்குக் கீழே வரவேண்டிய தனிமம் என்று எண்ணினார். மெண்டலீவேகூடத் தான் எழுதிய ஜாதகத்துக்கு உரியது இதுதான் என்று உடனே அடையாளம் காணவில்லை, வேறொரு காலி இடத்தைச் சொன்னார். அளந்து பார்த்த பிறகுதான் தெளிந்தது: அணு நிறை 72-க்குச் சற்று மேலே, அடர்த்தி 5.35, ஆக்சைடு 4.7, குளோரைடின் கொதிநிலை 86 டிகிரி. ஏகசிலிக்கானேதான். அட்டவணையின் மாபெரும் வெற்றிகளில் ஒன்று என்று இதை எல்லாப் புத்தகமும் எழுதும், கதையை இங்கேயே முடித்தும்விடும்.

தப்பான அலமாரியில் ஐம்பது வருடம்

எனக்கு இதற்குப் பிறகு நடந்ததுதான் முக்கியமாகப் படுகிறது. அட்டவணையில் சரியான இடம் கிடைத்த ஜெர்மானியத்துக்கு, வகைப்பாட்டில் கிடைத்த இடம்: "சுமாராக மின்சாரம் கடத்தும் ஓர் உலோகம்". 1930-களின் கடைசி வரை இதுதான் பொதுவான கருத்து. சுமாரான உலோகம் யாருக்கு வேண்டும்? செம்பு இருக்கிறதே. ஐம்பது வருடம் ஜெர்மானியம் ஆய்வகத்து அலமாரியில் சும்மா இருந்தது.

ஏன் இப்படி ஆனது? இதற்குக் குறைகடத்தி எப்படி வேலை செய்கிறது என்று கொஞ்சம் பார்க்க வேண்டும்.

உலோகத்தில் எலக்ட்ரான்கள் சுதந்திரமாகத் திரியும். சூடாக்கினால் அணுக்கள் அதிகம் ஆடும், எலக்ட்ரான்கள் முட்டி மோதும், மின்தடை கூடும். சிலிக்கானிலும் ஜெர்மானியத்திலும் ஒவ்வொரு அணுவும் நான்கு கைகளை நீட்டி நான்கு பக்கத்து அணுக்களைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. எலக்ட்ரான்கள் எல்லாம் அந்தப் பிடியில் மாட்டியிருக்கின்றன. சூடாக்கினால் சில எலக்ட்ரான்கள் பிடியை உதறி வெளியே வரும், மின்தடை குறையும். உலோகத்துக்கு நேர் எதிர். இந்த வினோதத்தை ஃபாரடே 1833-லேயே வெள்ளி சல்பைடில் பார்த்துக் குறித்து வைத்தார். காரணத்தை விளக்கும் கோட்பாடு 1931-இல் ஆலன் வில்சன் எழுதும் வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

சிக்கல் எங்கே என்றால், இந்தப் படிகத்துக்குள் அசுத்தம் கொஞ்சம் இருந்தாலும் குணம் அடியோடு மாறிவிடும். பாஸ்பரஸ் அணுவுக்கு வெளிக்கூட்டில் ஐந்து எலக்ட்ரான்கள். நான்கு பிடிக்குப் போக ஒன்று மிச்சம், அது சுதந்திரமாகத் திரியும். சாதாரண வெப்பத்தில், பத்து லட்சம் சிலிக்கான் அணுவுக்கு ஒரு பாஸ்பரஸ் அணு கலந்தாலே மின்கடத்தல் லட்சக்கணக்கான மடங்கு கூடும். அந்தக் காலத்து ஜெர்மானியத்தில் இதைவிடப் பல மடங்கு அசுத்தம் இருந்தது. அதனால் அது உலோகம் மாதிரியே கடத்தியது. அளந்தவர்கள் தப்பாக அளக்கவில்லை, அவர்கள் அளந்தது அதில் இருந்த அழுக்கை.

1940-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் ரஸ்ஸல் ஓல் ஒரு சிலிக்கான் துண்டை ஆராய்ந்துகொண்டிருந்தார். அதன் மீது வெளிச்சம் விழுந்ததும் மின்னழுத்தம் தோன்றியது. உருக்கி ஆறவைத்தபோது ஒரு பாதியில் ஒருவகை அசுத்தமும், மறுபாதியில் வேறுவகை அசுத்தமும் ஒதுங்கியிருந்தன. எல்லாம் நடந்தது இரண்டும் சந்திக்கும் எல்லையில். இன்று பி-என் சந்தி என்று படிக்கிறோமே, அது இதுதான். அதுவரை தொல்லை கொடுத்த அசுத்தம் அன்றிலிருந்து கருவியானது. முதலில் முழுக்கச் சுத்தம் செய். அப்புறம் வேண்டிய அளவு மட்டும் அளந்து கல.

இரண்டாம் உலகப்போர் இதை வேகப்படுத்தியது. ரேடாரின் மிகக் குறுகிய அலைகளைப் பிடிக்க வால்வுகள் சரிப்படவில்லை, படிகங்கள் தேவைப்பட்டன. பர்டூ பல்கலைக்கழகத்தில் லார்க்-ஹொரோவிட்ஸ் குழு ஜெர்மானியத்தைச் சுத்தப்படுத்த ஆரம்பித்தது. 1947 டிசம்பரில் பெல் ஆய்வகத்தில் பார்டீனும் பிராட்டெயினும் ஒரு ஜெர்மானியத் துண்டின் மேல் இரண்டு தங்க முனைகளை நெருக்கமாக அழுத்தி, முதல் டிரான்சிஸ்டரை இயக்கினார்கள். 1950-களின் தொடக்கத்தில் அதே ஆய்வகத்தின் வில்லியம் ஃபான், படிகத்தின் ஒரு சின்னப் பகுதியை மட்டும் உருக்கி அந்த உருகிய வளையத்தை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நகர்த்தினார். அசுத்தம் திரவத்தோடு சேர்ந்து ஓரத்துக்குப் போய்விடும். திரும்பத் திரும்பச் செய்தால் 1000 கோடி அணுவுக்கு ஓர் அந்நிய அணு என்ற அளவுக்குச் சுத்தம். 1954-இல் சிலிக்கான் டிரான்சிஸ்டர் சந்தைக்கு வந்தது. அதிகச் சூட்டைத் தாங்கும் என்பதால் மெல்ல ஜெர்மானியத்தின் இடத்தைப் பிடித்தது.

"சுமாரான உலோகம்" என்ற முத்திரை ஒன்றுதான் தாமதத்துக்குக் காரணம் என்று சொல்ல மாட்டேன். கோட்பாடு இல்லை, சுத்திகரிக்கும் முறை இல்லை, தேவையும் இல்லை. ஆனால் முத்திரை குத்தியதும் கேள்வி நின்றுவிடுகிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

சரி, மொத்தம் எத்தனை?

ரெனே வெர்னன் என்பவர் 2013-இல் "எந்தத் தனிமங்கள் உலோகப்போலிகள்?" என்ற கேள்வியையே தலைப்பாக வைத்து ஒரு கட்டுரை எழுதினார். 194 பட்டியல்களை ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறார். மேலே சொன்ன ஆறும் மிகப் பெரும்பாலான பட்டியல்களில் இருக்கின்றன. பொலோனியம் ஏறக்குறையப் பாதியில் இருக்கிறது. அஸ்டட்டைனும் செலீனியமும் அதைவிடக் குறைவு. என் வீட்டுப் புத்தகங்களின் ஆறு, ஏழு, எட்டுக் கணக்கு இங்கேதான் பிறக்கிறது. ஆறு உறுதி, மீதி எழுதுபவர் விருப்பம்.

எண்ணாலேயே கோடு போடலாமே என்று கேட்கலாம். போட்டிருக்கிறார்கள். அயனியாக்க ஆற்றல் 750 முதல் 1000 கிலோஜூல், எலக்ட்ரான் கவர்திறன் 1.9 முதல் 2.2 என்று இரண்டு வரம்பையும் சேர்த்து வைத்தால் ஆறும் கிட்டத்தட்டச் சரியாக விழும். ஆனால் இந்த எண்கள் வந்தது ஆறு பேரையும் பார்த்த பிறகு. ஏற்கெனவே ஊகித்த பதிலுக்குப் பொருந்தும் மாதிரி எழுதின கண்டிஷன்.

மின்கடத்தல் ஒன்றையே அளவுகோலாக வைத்தால்? அங்கேயும் உதைக்கும். ஆர்சனிக் பாதரசத்தைவிட ஏறக்குறைய மூன்று மடங்கு நன்றாக மின்சாரம் கடத்தும். ஆனாலும் பாதரசம் உலோகம், ஆர்சனிக் போலி. ஒரு சோதனையில் தோற்று இன்னொன்றில் ஜெயிப்பதுதான் இந்த ஆறின் பொதுக் குணமே.

உலோகம், அலோகம் என்பதை நாம் பூலியனாக அறிவித்தோம், ஆம் அல்லது இல்லை. பொருந்தாதவை வந்ததும் எல்ஸில் தள்ளினோம்; அந்த எல்ஸுக்கு வைத்த பெயர்தான் உலோகப்போலி. இயற்கை வைத்திருப்பது தொடர்ச்சியான அளவு. அதற்காகக் கோடே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 118 தனிமங்களைப் பத்தாம் வகுப்புப் பிள்ளைக்குச் சொல்லித்தர ஏதோ ஒரு படிக்கட்டு வேண்டும். பரீட்சையில் புத்தகத்தில் உள்ள எண்ணிக்கையையே எழுதட்டும். அதோடு, கோடு போட்ட வருடத்தையும் அன்று கையில் இருந்த சோதனையையும் யாராவது ஒரு வரி சொல்லிக்கொடுத்தால் நல்லது.

ஆர்சனிக்கை இந்தக் குறிப்பில் அதிகம் தொடவில்லை. விஷமாக அது கொலை வழக்குகளில் நுழைந்ததும், 1836-இல் ஜேம்ஸ் மார்ஷ் ஒரு கண்ணாடிக் குழாயில் அதன் பளபளப்பான கறையைப் படிய வைத்து நீதிமன்றத்துக்குச் சாட்சி தயாரித்ததும் தனிக்கதை. அடுத்த பதிவில் எழுதுகிறேன்.